வாசலில் பந்தல், கையில் பத்திரிகை: எல்லையோரக் கல்யாண அழைப்பு பற்றி ஒரு மதிப்பீடு

வீட்டு வாசலில் பந்தல் போட்டு, ஐம்பது அறுபது பேருக்கு இலை போட்டு முடித்துவிடுகிற கல்யாணத்துக்குப் பத்திரிகை அடிக்க வேண்டுமா? அடித்தால் யார் பெயரில், எந்த மொழியில், எத்தனை? பாலக்காட்டின் கிழக்கு ஓரத்தில் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோபாலபுரம், மீனாட்சிபுரம் பக்கமும், இடுக்கி மலையில் மூணாறு, மறையூர், வட்டவடை, பூப்பாறை, குமுளி பக்கமும் கல்யாணம் நிச்சயமான வீடுகளில் இந்தக் கேள்வி எழாமல் இருப்பதில்லை. பத்து நிமிஷத்தில் பேசி முடிக்கக்கூடியதாகத் தெரியும். ஆனால் அதற்கு இதுவரை சொல்லப்பட்ட பதில்கள் ஓலைக் காலத்திலிருந்து வருகின்றன. ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஒரு கொள்கை, ஒரு சாதி வழக்கம், ஒரு சட்டம், சில சமயம் அச்சகத்தின் வசதியும் இருக்கிறது.

எல்லையோரம் என்பதால் சிக்கல் இரட்டிக்கிறது. பாலக்காடு பழைய சென்னை மாகாணத்து மலபாரில் இருந்தது. அதை ஒட்டிய சித்தூர் தாலுகா கொச்சி ராஜ்யத்தைச் சேர்ந்தது. இடுக்கி மலையின் தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூர். 1956 நவம்பர் 1-இல் மூன்றும் ஒரே கேரளமாயின. தமிழ் பேசும் தோட்டத் தொழிலாளர்கள் நிறைந்த தேவிகுளம், பீர்மேடு தாலுகாக்கள் தமிழ்நாட்டோடு சேர வேண்டும் என்ற கோரிக்கை நிறைவேறவில்லை. இடுக்கி தனி மாவட்டமானது 1972-இல். பேச்சு ஒரு மொழியிலும் ரேஷன் கார்டு இன்னொரு மொழியிலும் இருக்கும் குடும்பங்கள் இப்படித்தான் உண்டாயின. அவர்களுடைய கல்யாணப் பத்திரிகை இந்த இரண்டுக்கும் நடுவில் நிற்கிற காகிதம்.

இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடலாம். முற்றத்துக் கல்யாணம் புது நாகரிகம் அல்ல. மண்டபந்தான் புதிது, இருபதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் பரவியது. "எங்கள் இல்லத் திருமணம்" என்று மண்டபக் கல்யாணத்துக்கும் அச்சடிக்கிறோமே, அந்தச் சொற்றொடர் வாசல் பந்தல் காலத்தின் மிச்சம். அகநானூற்றின் 86-ஆம் பாட்டும் 136-ஆம் பாட்டும் காட்டுகிற மணங்கள் பந்தலின் கீழ் நடப்பவை. 86-இல் மணல் பரப்பிய இடமும் உழுந்துக் களியும் விளக்கும் உண்டு, அழைப்பிதழ் இல்லை.

வாயால் அழைப்பதே அழைப்பு

முதல் நிலைப்பாடு மிகப் பழையது. நேரில் போய்ச் சொன்னால்தான் அழைப்பு. காகிதம் ஒரு துணை மட்டுமே. சிலப்பதிகாரத்தில் கண்ணகி கல்யாணத்தை ஊருக்குச் சொல்ல யானை மேல் பெண்களை ஏற்றி அனுப்புகிறார்கள். ஊர் முழுக்கச் சொல்வதுதான் அங்கே நோக்கம். தனித்தனியாகப் பெயர் சொல்லி அழைப்பதாக இல்லை. பெரியபுராணத்தில் சுந்தரர் கல்யாணத்துக்கு ஓலை வருகிறது. அந்தக் கல்யாணத்தை நிறுத்தியதும் ஓர் ஓலைதான். கிழவராக வந்தவர் கையிலிருந்த ஆளோலை மண ஓலையை வென்றுவிட்டது. எழுதிய ஓலைக்கு இருந்த மதிப்பு எவ்வளவு என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டியதில்லை.

ஓலை போய்ப் பல காலம் ஆன பிறகும் சொல் நிற்கிறது. தமிழ்க் கத்தோலிக்கர் கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு கோயிலில் அறிவிப்பதை இன்றும் 'ஓலை வாசித்தல்' என்கிறார்கள். மலையாளக் கிறிஸ்தவர்கள் அதையே 'விளிச்சு சொல்லல்' என்பார்கள். மூணாறுப் பக்கத்துத் தோட்டங்களில் இரண்டு சொல்லையும் கேட்கலாம்.

வெற்றிலை பாக்கு, மஞ்சள், குங்குமம் வைத்து அழைப்பதும் இதே கட்சியைச் சேர்ந்தது. 'பத்திரிகை வைக்கிறது' என்ற வழக்கை யோசித்துப் பாருங்கள். கொடுக்கிறது, அனுப்புகிறது என்பதோடு நில்லாத வழக்கு இது. தாம்பாளத்தில் பழமும் பாக்கும் வைத்து அதோடு வைப்பது. பாலக்காட்டு அக்கிரகாரத்தில் 'க்ஷணிக்க வந்தோம்' என்பார்கள். மலையாளத்தில் அழைப்பிதழைக் குறிக்கும் க்ஷணக்கத்தின் நிழல் அதில் விழுந்திருக்கிறது. அச்சடித்த பத்திரிகையே தன் குறையை ஒப்புக்கொள்வதும் உண்டு. 'இதையே நேரில் அழைத்ததாக ஏற்று' என்ற வரி தபால் காலத்திலேயே வந்துவிட்டது.

சின்னக் கல்யாணத்துக்கு இந்த நிலைப்பாடு மிகப் பொருத்தம் என்று தோன்றும். அறுபது பேரை நேரில் பார்த்துச் சொல்ல முடியாதா என்ன? பலவீனம் வேறிடத்தில் இருக்கிறது. வாய் அழைப்புக்கு எல்லை கிடையாது. தோட்டத்து லயத்தில் ஒரே சுவரைப் பங்கு போட்டுக்கொள்ளும் வீடுகளில் ஒன்றுக்குச் சொல்லி அடுத்ததை விட முடியாது. வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் மஸ்டரில் காலையில் ஒருவரிடம் சொன்னது மதியத்துக்குள் தோட்டத்தின் அந்த டிவிஷன் முழுக்கப் போய்விடும். அப்புறம் 'எங்களுக்குச் சொல்லலையே' என்ற மனத்தாங்கல்தான் மிஞ்சும். யாருக்கு அழைப்பு, யாருக்கு இல்லை என்று சச்சரவில்லாமல் கோடு போட உதவுவது, விந்தையாக, காகிதமே.

பெயர்ப் பட்டியலின் வாதம்

இரண்டாவது நிலைப்பாடு, பத்திரிகை என்பது குடும்பத்தின் பதிவேடு என்பது. இதன் வேர் அழைப்பில் இல்லை, ஒப்பந்தத்தில் இருக்கிறது. நிச்சயதாம்பூலத்தில் வாசிக்கிற லக்கினப் பத்திரிகையில் யார் மகன், யார் பேத்தி, எந்தக் கோத்திரம், எந்த நாள், எந்த லக்கினம் என்று எல்லாம் சொல்லி, சபையைச் சாட்சியாக வைப்பார்கள். அச்சுப் பத்திரிகை அந்த வாசகத்தையும் அந்தப் பெயரையும் எடுத்துக்கொண்டு, கடைசியில் 'வந்திருந்து ஆசீர்வதிக்க' என்று ஒரு வரியைச் சேர்த்தது என்று கொள்ள இடமிருக்கிறது. இதை ஏற்றால், தமிழ்ப் பத்திரிகை ஏன் விருந்தாளியைவிட வீட்டாரைப் பற்றியே அதிகம் பேசுகிறது என்பது விளங்கும்.

கல்பாத்தி, நூரணி அக்கிரகாரத்துப் பத்திரிகைகளில் ஊர்ப் பெயர் முக்கியம். பாலக்காட்டு ஐயர்களின் பெயர் அமைப்பிலேயே ஊர் முதலில் வந்துவிடும். தலைமைத் தேர்தல் ஆணையராக இருந்த டி.என். சேஷனின் பெயரில் முதலெழுத்து திருநெல்லாய் என்ற கிராமம். கொழிஞ்சாம்பாறைப் பக்கத்துக் கொங்கு வேளாளர் பத்திரிகையில் குலமும் தோட்டப் பெயரும் இடம்பெறும். அதை வெறும் பெருமை என்று ஒதுக்க முடியாது; ஒரே குலத்தில் பெண் எடுக்கக் கூடாது என்ற விதி இருக்கும் இடத்தில் அது அவசியத் தகவல். மலையாள வீடுகளில் வீட்டுப் பெயர் அந்த வேலையைச் செய்கிறது.

தோட்டத் தொழிலாளர் பத்திரிகையில்தான் இந்தப் பதிவேடு மிக நுட்பமாக இருக்கிறது. வீடு கம்பெனியுடையது. வேலை முடிந்தால் லயத்தைக் காலி செய்ய வேண்டும். அதனால் முகவரி இரண்டாகப் பிரிகிறது: பூர்வீகம் தென்காசிப் பக்கமோ தேனிப் பக்கமோ உள்ள ஒரு கிராமம்; இருப்பு குண்டுமலையிலோ செண்டுவாரையிலோ கன்னிமலையிலோ ஒரு டிவிஷன். வாசலில் பந்தல் போட்டால் எந்த வாசல்? லயத்து வாசல் என்றால் அது 'இல்லம்' ஆகுமா? பத்திரிகையில் பூர்வீக ஊரை மேலே போட்டு, கல்யாண இடமாக எஸ்டேட்டைக் கீழே போடுவது இந்தக் கேள்விக்கு எழுதாமல் எழுதிய பதில்.

பட்டியல் கட்சியின் பலவீனங்கள் தெரிந்தவை: வரிசைச் சண்டை, விட்டுப்போன சித்தப்பா, தாய்மாமன் பெயர் சின்ன எழுத்தில் வந்துவிட்டது. இவற்றைவிடக் கடுமையான குறை ஒன்று உண்டு. அப்பா இறந்துவிட்டால், 'காலஞ்சென்ற' என்றோ 'தெய்வத்திரு' என்றோ அவர் பெயரைப் போட்டு, அழைப்பவராகப் பெரியப்பாவையோ மூத்த மகனையோ நிறுத்துவார்கள். பிள்ளையை வளர்த்துக் கல்யாணம் வரை கொண்டுவந்த தாய் பெரும்பாலும் அழைப்பவராக வருவதில்லை. அறுபது பேர் வரும் முற்றத்தில் அவர்தான் வாசலில் நின்று எல்லாரையும் வரவேற்கப் போகிறார். அவர் பெயரில் அழைக்க எந்தச் சாஸ்திரமும் தடையில்லை. இது வெறும் பழக்கம், விடவேண்டிய பழக்கம்.

சொல்லை மாற்றியவர்கள்

மூன்றாவது நிலைப்பாட்டுக்கு ஆண்டுகள் உண்டு. 1916-இல் மறைமலையடிகளோடு சேர்த்துச் சொல்லப்படும் தனித்தமிழ் இயக்கம். 1928-இல் அருப்புக்கோட்டை அருகே சுக்கிலநத்தத்தில் பெரியார் நடத்திவைத்த சுயமரியாதைக் கல்யாணம். 1929-இல் செங்கல்பட்டு மாநாட்டில் சாதிப் பட்டத்தை விடும் தீர்மானம். இந்த மூன்றும் சேர்ந்து பத்திரிகையின் மொழியையே திருப்பிப் போட்டன. விவாஹ சுபமுகூர்த்தப் பத்திரிகை 'வாழ்க்கைத் துணை ஒப்பந்த விழா அழைப்பிதழ்' ஆயிற்று. சிரஞ்சீவி 'செல்வன்' ஆனார், சௌபாக்கியவதி 'செல்வி' ஆனார். அறுபது வருஷச் சுற்றின் பெயருக்குப் பதில், கி.பி. ஆண்டோடு 31 கூட்டிய திருவள்ளுவர் ஆண்டு வந்தது.

திருவளர்செல்வன், திருநிறைசெல்வன் என்ற வேறுபாட்டுக்கு மக்கள் சொல்லும் விளக்கம், வீட்டில் இன்னும் கல்யாணத்துக்குப் பிள்ளைகள் இருந்தால் 'வளர்', இதுதான் கடைசி என்றால் 'நிறை' என்பது. விளக்கம் பின்னால் கட்டியதாக இருக்கலாம். ஆனால் அச்சகத்தில் வாசகம் எழுதும்போது இதை மாற்றிப் போட்டால் பாட்டி விடமாட்டார்.

சட்டமும் இந்தக் கட்சிக்குத் துணை நின்றது, ஆனால் மாநில எல்லையான வாளையாறு வரைதான். இந்து திருமணச் சட்டத்தில் 7ஏ பிரிவைத் தமிழ்நாடு 1967-இல் சேர்த்தது. உறவினர், நண்பர் முன்னிலையில் இருவரும் தமக்குப் புரிகிற மொழியில் ஒருவரை ஒருவர் ஏற்பதாகச் சொல்லி, மாலையோ மோதிரமோ மாற்றினால் போதும், புரோகிதர் வேண்டியதில்லை. 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இப்படிப்பட்ட கல்யாணத்துக்கு ஊரறிய அறிவிப்பு அவசியமில்லை என்றும் சொன்னது. இந்தப் பிரிவு தமிழ்நாட்டுத் திருத்தம், கேரளத்துக்குச் செல்லாது. பொள்ளாச்சியில் செல்லுபடியாகும் சடங்கில்லாத மாலைமாற்றம், கோபாலபுரத்துச் சாவடியைத் தாண்டி ஒரு முற்றத்தில் நடந்தால் அதே பிரிவை நம்ப முடியாது. அங்கே சடங்கு வேண்டாதவர்களுக்கு 1954-ஆம் ஆண்டின் சிறப்புத் திருமணச் சட்டமும் அதன் 30 நாள் அறிவிப்பும்தான் தெளிவான வழி. ஆகவே 'சுயமரியாதைத் திருமணம்' என்று எல்லையின் கேரளப் பக்கம் அச்சடிக்கும் பத்திரிகை கொள்கையைச் சொல்கிறது, சட்டத்தைச் சொல்லவில்லை.

போகிறபோக்கில் ஒரு வேடிக்கை. இந்தியக் கிறிஸ்தவத் திருமணச் சட்டம், 1872, பழைய திருவிதாங்கூர்-கொச்சி நிலப்பரப்புக்குப் பொருந்தாது. ஆகப் பாலக்காடு நகரத்துக்கு ஒரு நிலை, அதே மாவட்டத்துச் சித்தூருக்கு வேறு நிலை. ராஜாக்கள் போயும் எல்லை போகவில்லை.

இரண்டு மொழி, இரண்டு நாட்காட்டி

எல்லையோரத்துக்கே உரிய நான்காவது நிலைப்பாடு, இரண்டு மொழியிலும் அடித்துவிடுவது. பார்க்க நியாயமாக இருக்கும். ஆழ்ந்து பார்த்தால் அதன் உள்ளே பல முடிச்சுகள்.

முதலில் தேதி. தமிழ்ப் பத்திரிகை வருஷப் பெயர், மாதம், தேதி, நட்சத்திரம், லக்கினம் என்று போகும். மலையாளப் பத்திரிகை கி.பி. 825-இல் தொடங்கிய கொல்லம் ஆண்டைப் போடும். 1200-ஆவது ஆண்டு 2024 ஆகஸ்டில் பிறந்தது. ஆவணியும் சிங்ஙமும் ஒன்றுதானே, அப்படியே மாற்றிப் போட்டுவிடலாம் என்று நினைத்தால் அங்கேதான் வழுக்கும். சூரியன் ராசி மாறுவது அஸ்தமனத்துக்கு முன்னால் என்றால் தமிழ்க் கணக்கில் அன்றே மாதம் பிறந்துவிடும். மலையாளக் கணக்கில் பகலின் ஐந்தில் மூன்று பங்கு, அதாவது சுமார் 18 நாழிகை, பிற்பகல் 1 மணி 12 நிமிஷம் வாக்கில், கடப்பதற்குள் மாற வேண்டும். தாண்டினால் மறுநாள்தான் ஒன்றாம் தேதி. ஆகச் சங்கிரமம் என்னும் இந்த ராசி மாற்றம் பிற்பகல் இரண்டு மணிக்கு வருகிற மாதம் முழுக்க இரண்டு தேதிகளும் ஒன்று தள்ளியே இருக்கும். ஒரே அட்டையில் இடப் பக்கம் 15, வலப் பக்கம் 14 என்று வந்தால் இரண்டும் சரி. அதைப் பிழையென்று நினைத்து ப்ரூஃப் பார்ப்பவர் திருத்தினால்தான் பிழை.

பாலக்காட்டு ராவுத்தர்களின் நிக்காஹ் அழைப்பில் இவற்றோடு ஹிஜ்ரி தேதியும் சேரும். அப்போது ஆங்கிலத் தேதி ஒன்றே எல்லாரும் உண்மையில் பார்க்கிற தேதி, மற்றவை மரியாதைக்கு.

அடுத்தது சொற்கள். தமிழுக்கும் மலையாளத்துக்கும் பந்தலும் முற்றமும் பொது. அந்தப் பொதுமை நம்மை ஏமாற்றவும் செய்யும். மலையாளத்தில் 'அவசரம்' என்றால் சந்தர்ப்பம், தமிழில் வேறு. 'பரேதனாய' என்று மலையாளத்தில் எழுதினால் காலஞ்சென்ற என்று பொருள்; அதைத் தமிழ் எழுத்தில் அப்படியே ஏற்றினால் படிப்பவர் அது ஒரு பட்டமோ என்று திகைப்பார். 'சம்பந்தம்' தமிழில் மதிப்பான உறவு, சம்பந்தி என்று அழைக்கிறோம். கேரளத்தில் அந்தச் சொல்லுக்குத் தாய்வழி மரபான மருமக்கத்தாயத்தின் காலத்துத் தனி வரலாறு உண்டு. மலையாளத்துக்காரர் 'சகுடும்பம் க்ஷணிக்கிறோம்' என்று இரண்டே சொல்லில் முடிப்பதைத் தமிழ்ப் பத்திரிகை 'சுற்றமும் நட்பும் சூழ வருகை தந்து' என்று விரிக்கும். மொழிபெயர்த்தால் இரண்டும் கெடும். எல்லையோரத்தில் நன்றாக அமைந்த பத்திரிகைகள் மொழிபெயர்ப்பதில்லை. ஒவ்வொரு பக்கத்தையும் அந்தந்த வழக்கப்படி தனியாக எழுதுகின்றன.

யார் அழைக்கிறார் என்பதும் மொழி மாறும்போது மாறுகிறது. கேரளத்தில் பெண் வீட்டு முற்றத்தில் பந்தல் போடுவது பரவலான பழைய வழக்கம்; 'வதூக்ருஹத்தில் வெச்சு' என்பது அவர்களுடைய வாய்பாடு. தமிழகத்தின் பல சமூகங்களில் மாப்பிள்ளை வீட்டில் கல்யாணம். கலப்பு மொழிக் கல்யாணத்தில் இரு வீட்டாரும் தனித்தனியாகப் பத்திரிகை அடிப்பது இதனால்தான். ஒரே பத்திரிகை என்றால் ஒரு தரப்பு விருந்தாளியாகிவிடும்.

மூன்றாவது முடிச்சு எழுத்து. பேசுவது தமிழ், படிப்பது மலையாளம் என்பது பாலக்காட்டு அக்கிரகாரங்களில் பல தலைமுறையாக உள்ள நிலை. தமிழை மலையாள எழுத்தில் எழுதிக் கடிதம் போட்டவர்கள் உண்டு. மலையாள எழுத்து வளர்ச்சியோடு சேர்த்துச் சொல்லப்படும் துஞ்சத்து எழுத்தச்சன் கடைசிக் காலத்தில் வாழ்ந்த குருமடம் சித்தூரில், சோகநாசினிக் கரையில்தான் இருக்கிறது. தமிழ் கேட்கும் தூரத்தில். மூணாறில் தமிழ் வழிப் பள்ளிகள் உண்டு. இளைய தலைமுறையில் மலையாள, ஆங்கில வழிக்குப் போனவர்களும் நிறைய. மாப்பிள்ளையின் பாட்டிக்குத் தமிழ், மாப்பிள்ளையின் நண்பர்களுக்கு மலையாளம், மாப்பிள்ளைக்கே ஆங்கிலம் என்று ஒரே முற்றத்தில் மூன்று வாசகர்கள். இருமொழிப் பத்திரிகையின் மிகப் பெரிய பலவீனம், அது இந்த மூவரில் யாருக்கும் முழுதாகப் பேசாதது.

அச்சகத்தின் குரல்

இந்த விவாதங்களில் கணக்கில் வராத ஒரு தரப்பு அச்சகம். தமிழ் அச்சின் தொடக்கமே கேரள மண்ணில்தான்: 1578-இல் கொல்லத்தில் அச்சான 'தம்பிரான் வணக்கம்'. கல்யாணப் பத்திரிகை வெகு பின்னால் வந்தது. 1835-இல் அச்சுக்கூடக் கட்டுப்பாடு தளர்ந்து இந்தியர் கைக்கு அச்சு வந்த பிறகே சில்லறை அச்சு வேலைகள் பெருகின.

ட்ரெடில் அச்சுப்பொறிக் காலத்தில் எல்லையோர அச்சகம் இரண்டு மொழிக்கும் தனித்தனி எழுத்துப் பெட்டி வைத்திருக்க வேண்டியிருந்தது. கேரளம் 1971-இலும் தமிழ்நாடு 1978-இலும் எழுத்துச் சீர்திருத்தம் செய்தன. இரண்டுக்கும் அச்சு வசதி ஒரு காரணம். கணினி வந்ததும் பெட்டி போயிற்று, தொல்லை போகவில்லை. வீட்டார் வாட்ஸப்பில் யூனிகோடில் அனுப்பிய வாசகத்தைப் பழைய எழுத்துருவுக்கு மாற்றும்போது ஸ்ரீயும் ஒற்றும் சிதறும். தமிழ் படிக்கத் தெரியாத ஒருவர் மலையாளப் பக்கத்தைப் பார்த்துத் தமிழ்ப் பெயரைத் தட்டினால் ன, ண, ந மூன்றும் இடம் மாறும். மலையாளத்தில் ககரத்துக்கு நான்கு எழுத்து, தமிழில் ஒன்று. இங்கிருந்து அங்கே போகும்போது எந்தக் க என்று கேட்டுத்தான் போட வேண்டும். தலைப்பெழுத்துக்கும் தகராறு உண்டு. தமிழில் முன்னால் வரும், கேரளப் பள்ளிச் சான்றிதழில் பெரும்பாலும் பின்னால் வரும். எதைப் போடுவது என்று கேட்டால், சான்றிதழில் உள்ளபடியே போடுங்கள் என்பது நடைமுறை அறிவு. காரணம் கொஞ்சம் தள்ளி வருகிறது.

சின்னக் கல்யாணத்துக்கு அச்சகத்தின் பொருளாதாரம் ஒத்துவருவதில்லை. சிவகாசியிலிருந்து வரும் ரெடி கார்டில், பிள்ளையாரும் பூவேலையும் ஏற்கெனவே பொறித்திருக்கும் வெற்று இடத்தில், உள்ளூரில் வாசகத்தை ஸ்கிரீன் பிரிண்ட் செய்வார்கள். நிறத்துக்கு ஒரு ஸ்கிரீன். அதைத் தயாரிக்கும் வேலை ஐம்பதுக்கும் ஒன்றுதான், ஐந்நூறுக்கும் ஒன்றுதான். அதனால் அறுபது பேருக்கு நூறு அட்டை அடிப்பார்கள். மீதி நாற்பது அட்டை சும்மா இருக்குமா? அதற்கும் ஆள் தேடி, கல்யாணம் நூற்றைம்பது பேர் ஆகிவிடும். முற்றம் சிறியதாகவே இருக்க வேண்டுமென்றால் டிஜிட்டலில் இருபத்தைந்து ஒற்றை அட்டை அடிப்பது நல்லது. மடிப்பு வேண்டாம், உறை வேண்டாம். நான்கு மூலையில் மஞ்சள் தடவ இடமிருந்தால் போதும்.

அரசாங்கத்தின் கண்ணில்

பெரும்பாலான விவாதங்கள் விட்டுவிடுகிற விஷயம், பத்திரிகை ஓர் ஆவணமும்கூட என்பது. 2006 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சீமா எதிர் அஸ்வனி குமார் வழக்கில் எல்லாக் கல்யாணத்தையும் பதிவு செய்ய விதி வகுக்கச் சொன்னது. கேரளத்தில் 2008-ஆம் ஆண்டு விதிகள் 45 நாளுக்குள் பதியச் சொல்கின்றன. தமிழ்நாட்டில் 2009-ஆம் ஆண்டுச் சட்டம் 90 நாள் தருகிறது. மண்டபத்தில் நடந்தால் ரசீது, கோயிலில் நடந்தால் சீட்டு. வீட்டு முற்றத்தில் நடந்த கல்யாணத்துக்கு வேறு என்ன காகிதம் இருக்கிறது? கேரளத்தில் பஞ்சாயத்து உறுப்பினர் போன்றவர் தரும் உறுதிமொழி உண்டு. அதோடு பத்திரிகையையும் எடுத்துப் போவது இரு மாநிலத்திலும் வழக்கம். பெயர் சான்றிதழில் உள்ளபடி இருக்க வேண்டும் என்றது இதற்காகத்தான்.

கொரோனாக் காலத்தில் இந்த ஆவணக் குணம் பளிச்சென்று வெளியே வந்தது. தமிழ்நாட்டுக்குள் நுழைய இ-பாஸ் கேட்டபோது கல்யாணம் என்பது ஏற்கப்பட்ட காரணங்களில் ஒன்று. சான்றாகப் பத்திரிகையைப் பதிவேற்றினார்கள். கேரளத்தில் கல்யாணத்துக்கு ஐம்பது பேர், 2021 ஊரடங்கில் இருபது பேர் என்று வரம்பு வந்தது. எல்லை தாண்ட முடியாத ஜோடிகள் மறையூருக்கு அப்பால் சின்னாறு பாலத்திலேயே, சோதனைச் சாவடியை ஒட்டி, தாலி கட்டிக்கொண்டார்கள். அழைப்பிதழில் அச்சான இடம் ஒன்று, கல்யாணம் நடந்த இடம் இரண்டு மாநிலத்துக்கும் நடுவே ஒரு பாலம்.

இன்று விதி வேறு வடிவில் இருக்கிறது. நூறு பேருக்கு மேல் கூடும் நிகழ்ச்சி என்றால் கேரளத்தில் உள்ளாட்சிக்கு முன்கூட்டியே தெரிவித்து, குப்பையை ஒப்படைக்க ஏற்பாடு செய்ய வேண்டும். பி.வி.சி. ஃபிளெக்ஸுக்கு 2019-இலேயே தடை. தமிழ்நாட்டு மாமன் வழக்கமாகக் கொண்டுவந்து கட்டும் ஆளுயர வாழ்த்துப் பலகை சாவடி தாண்டியதும் தொல்லையாகலாம். உறவினருக்கு அதை முன்பே சொல்லிவிடுவது நல்லது.

வழி சொல்வதும் இந்த ஆவண வேலையில் சேரும். பறம்பிக்குளம் பாலக்காடு மாவட்டத்தில் இருக்கிறது. சாலை சேத்துமடை, டாப்ஸ்லிப் வழியாகத் தமிழ்நாட்டுக்குள் போய்த்தான் வரும். அங்கே ஒரு முற்றத்துக் கல்யாணத்துக்குக் கூப்பிடுபவர் சாவடியையும் காட்டுப் பாதையையும் எழுதாமல் முகூர்த்த நேரத்தை மட்டும் எழுதினால், விருந்தாளி வருவதற்குள் இலை எடுத்துவிடுவார்கள்.

அட்டை இல்லாத அழைப்பு

வாட்ஸப் அழைப்பு ஐந்தாவது நிலைப்பாடு, இன்று வேகமாகப் பரவுவதும் அதுதான். எண்ணிக்கை பிரச்சினையில்லை, மூன்று மொழிப் படமும் தனித்தனியாக அனுப்பலாம், வரைபடம் ஒரு தொடுதல். 2021-இல் மதுரையில் ஒரு குடும்பம் மொய்க்கு க்யூஆர் குறியீட்டைப் பத்திரிகையிலேயே அச்சடித்தது செய்தியானபோது சிரித்தவர்கள் பலர். மொய்க்கு நோட்டுப் போட்டு உட்காரும் வழக்கம் உள்ள இடத்தில் அது அவ்வளவு பெரிய தாவல் இல்லை.

வடிவத்தைவிட நடைதான் இங்கே சுவாரசியமானது. சின்னக் கல்யாணத்துக்கு அனுப்பும் செய்தியில் எழுத்துத் தமிழ் கரைந்து பேச்சுத் தமிழ் வருகிறது: 'ஞாயித்துக்கிழமை காலையில நம்ம வீட்டு வாசல்ல கல்யாணம், சாப்பாட்டுக்கு இருந்து போங்க.' ஐயர் வீடானால் 'வாங்கோ'. இதை எதிர்ப்பவர்கள் மரியாதை குறைகிறது என்கிறார்கள். அது முழுதும் சரியாகத் தெரியவில்லை. 'வாங்க', 'இருந்து போங்க' என்பதில் மரியாதை விகுதி இருக்கவே இருக்கிறது, குறைவது சம்பிரதாயம். எதிர்ப்பில் நியாயமான பகுதி வேறு. பேச்சு நடை யாருக்கும் பொதுவானதல்ல. மூணாற்றுப் பேச்சு, கொங்குப் பேச்சு, அக்கிரகாரப் பேச்சு மூன்றும் வேறு. சம்பந்தி வீடு வேறு பேச்சுக்காரர் என்றால் 'நம்ம' என்ற ஒரு சொல்லே யாருடைய நம்ம என்று கேட்க வைக்கும். எழுத்து நடைக்கு அந்தப் பக்கச்சார்பு இல்லை. அதன் வறட்சியே அதற்குப் பாதுகாப்பு.

இன்னும் தீராதவை

மேலே பார்த்த ஐந்தையும் அடுத்தடுத்து வைத்தால், அவை ஒரே கேள்விக்கு மாற்று விடைகள் அல்ல என்றே படுகிறது. வாய் அழைப்பு உறவைக் கவனிக்கிறது. பட்டியல் சாட்சியைக் கவனிக்கிறது. சொல் மாற்றம் கொள்கையை, இருமொழி வாசகரை, வாட்ஸப் வசதியை. மண்டபக் கல்யாணத்தில் ஒரே பெரிய அட்டை இவ்வளவையும் சுமந்தது. முற்றம் சிறியது, அட்டையும் சிறியதாகும்போது எதை இறக்கி வைப்பது என்பதுதான் தீராத கேள்வி. பதிவு அலுவலகத்துக்காகச் சான்றிதழ்ப் பெயரோடு ஒரு சில அச்சுப் பிரதி, பெரியவர்களுக்குத் தாம்பாளத்தோடு நேரில் ஒரு வார்த்தை, மற்றவர்க்கு அவரவர் மொழியில் ஒரு படம் என்று பிரித்துக்கொள்ளும் வீடுகள் ஓரளவு தப்பித்துக்கொள்கின்றன. ஆனால் பிரிப்பதிலும் ஏற்றத்தாழ்வு உண்டு. அட்டை பெற்றவர் மேல், படம் பெற்றவர் கீழ் என்று எண்ணுபவர்கள் இருக்கும்வரை அது சமரசமே.

மொழி வரிசைக்கு அச்சகங்களில் ஒரு தீர்வு உண்டு. ஒற்றை அட்டையின் ஒரு முகத்தில் தமிழ், திருப்பினால் இன்னொரு முகத்தில் மலையாளம். எது முன், எது பின் என்று யாரும் சொல்ல முடியாது. ரெடி கார்டு வாங்கினால் இது நடக்காது. சிவகாசி அட்டையில் பிள்ளையார் ஒரு பக்கத்தில் மட்டுமே பொறித்திருக்கிறார். அவர் எந்தப் பக்கமோ அந்த மொழிதான் முன்பக்கம். மற்றதை எழுதிக் கொடுத்தவர் அட்டையை வாங்கிப் பார்த்துவிட்டு, 'நம்ம பக்கம் பிள்ளையாரக் காணோமே' என்பார்.